மின் நிறுவன ஒப்பந்தப் பாக்கி: எந்த ஊர்க் கோர்ட்?

கேள்வி: மதுரையில் துணை மின்நிலைய சிவில் வேலை முடிந்துவிட்டது. ஃபைனல் பில் 42 லட்சம் நிற்கிறது. டெண்டரில் 'சென்னை நீதிமன்றங்களுக்கு உட்பட்டது' என்று உள்ளது, 'மட்டும்' என்ற சொல் இல்லை. ஆர்பிட்ரேஷன் (நடுவர் மூலம் தீர்வு) பிரிவும் கிடையாது. மதுரையில் வழக்குப் போடலாமா? மின்சார ஒழுங்குமுறை ஆணையத்துக்குப் போகலாமா?

பதில் 1: சென்னைதான். 'மட்டும்' இல்லாவிட்டாலும் பிற ஊர்கள் விலக்கப்பட்டதாகவே கொள்ள வேண்டும் என்று ஸ்வஸ்திக் கேஸஸ் வழக்கில் (2013) உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் அதிகாரமே இல்லாத கோர்ட்டுக்கு ஒப்பந்தத்தால் அதிகாரம் தர முடியாது. தலைமை அலுவலகமோ ஒப்பந்தம் கையெழுத்தான இடமோ சென்னை என்று பிராதில் (வழக்கு மனுவில்) தெளிவாக எழுதுங்கள். ஆணையம் வேண்டாம்: மின்சாரச் சட்டம் 86(1)(எஃப்) மின் உரிமதாரர்கள், உற்பத்தி நிறுவனங்களுக்கு இடையிலான தகராறுகளுக்குத்தான்.

பதில் 2: கட்டுமான ஒப்பந்தம், 3 லட்சத்துக்கு மேல், ஆகவே வணிக நீதிமன்றம். அவசர இடைக்கால உத்தரவு கேட்கவில்லையென்றால் முதலில் வணிக நீதிமன்றச் சட்டம் 12ஏ-படி சமரசம் கட்டாயம். பலர் சறுக்குவது இங்கேதான். தவறினால் பிராது நிராகரிக்கப்படும். சமரசக் காலம் வழக்குப் போடும் காலவரையறையில் சேராது. பணம் தரத் தேதி குறிக்காத ஒப்பந்தமென்றால், வேலை முடிந்த நாளிலிருந்து 3 வருடம்.

பதில் 3: ரிட் மனுவை நம்பாதீர்கள். எம்-புக் (வேலை அளவுப் பதிவேடு) அளவையே மின் நிறுவனத்தார் மறுத்தால் உயர் நீதிமன்றம் சிவில் கோர்ட்டுக்குத்தான் அனுப்பும். எம்-புக் நகல், பணி நிறைவுச் சான்றிதழ் இரண்டையும் இப்போதே எழுதிக் கேட்டு வாங்குங்கள்.