ஓசைநாட்டு அலகுக்கு 'அரவம்' எண்டு வைப்பம்

எல்லாருக்கும் வணக்கம், திருகோணமலையில இருந்து எழுதுறன். தம்பி தன்ர கதைக்குக் கேட்ட அலகைப் பற்றித்தான். அவர் கட்டுற ஓசைநாட்டில சத்தம் அழியாது, ஆள் போன பிறகும் அந்த இடத்திலயே படிஞ்சு கிடக்கும், அதை அள்ளி அளந்து சந்தையில விப்பினம், அப்பிடி மிஞ்சிக் கிடக்கிற சத்தத்தை அளக்க ஒரு பேர் வேணும். இதுவரைக்கும் வந்தது ஒலிமம், ஒலியலகு, நாதகம், கார்வை, இமிழ்.

ஒலிமம், ஒலியலகு ரெண்டும் எனக்கு ஒட்டேல்லை. 'மூண்டு ஒலியலகு தாங்கோ' எண்டு எந்தச் சந்தையில ஆர் கேக்கப்போகினம்? எங்கட ஆக்கள் அளவுக்குப் பேர் வச்ச விதத்தைப் பாருங்கோ. மாத்திரைக்குத் தொல்காப்பியம் சொல்ற அளவு கண்ணிமைக்கிற நேரமும் கை நொடிக்கிற நேரமும். கூப்பிடு எண்டு ஒரு தூர அளவே இருந்தது, நாலு கூப்பிடு ஒரு காதம், இண்டைக்கும் வீடு எங்க எண்டு கேட்டா 'கூப்பிடு தூரத்திலதான்' எண்டு சொல்லுறம். உடம்பால செய்யிற ஒரு காரியம்தான் அங்க அளவுகோல். வெளியிலயும் இப்பிடி நடந்திருக்கு. ஹார்வர்டில இயற்பியல் படிப்பிச்ச வாலஸ் சேபின் 1895இல ஒரு விரிவுரை மண்டபத்தின்ர முழக்கத்தைக் குறைக்க இறங்கினவர், இராவிராவா இருக்கை மெத்தையளைக் காவிக்கொண்டு வந்து போட்டு, ஓர்கன் குழாயை ஊதி நிப்பாட்டி, சத்தம் காதுக்குக் கேக்காமப் போக எவ்வளவு நேரம் எடுக்குது எண்டு பாத்தவர். அவர் அளவா வச்சது திறந்த யன்னல், ஏனெண்டா யன்னலால போன சத்தம் திரும்பி வராது. ஒரு சதுர அடித் திறந்த யன்னல் விழுங்கிற அளவைத்தான் பிறகு ஒரு சேபின் எண்டினம். தம்பியின்ர அலகு இதுக்கு நேர் மறுபக்கம், விழுங்காம மிஞ்சினதை அளக்கிறது.

கார்வை நல்ல சொல்லுத்தான், ஆனா மிருதங்கம் படிச்ச அக்கா சொன்னது சரி, அதுக்கு ஏற்கனவே இசையில வேலை இருக்கு, பிள்ளையள் குழம்புவினம். இமிழ், பழைய பாட்டுகளில ஒலிக்கிறதுக்கு வாற சொல்லு, எனக்கும் விருப்பம். ஆனா இண்டைக்கு ஒருத்தரும் வாயால சொல்லுறேல்லை.

நான் சொல்லுறது அரவம்.

சண்டைக் காலத்தில ஊரடங்கு இரவுகளில அம்மா விளக்கைத் தணிச்சுப்போட்டுக் கதவடியில நிண்டு காது குடுப்பா. 'ஆளரவம் கேக்குது, கதையாதேங்கோ' எண்டுவா. ஒழுங்கை மணல்ல கால் படுற நறநறப்பு, ரெண்டு மூண்டு தரம், அவ்வளவுதான், நிண்டிட்டானோ போட்டானோ தெரியாது, நாய் கூடக் குரைக்காது, ஆனா அந்தச் சத்தம் போன பிறகும் வீட்டுக்குள்ளயே நிண்டுகொண்டிருக்கும், அம்மா கதவை விட்டு வர நல்லா நேரம் எடுக்கும். தம்பி எழுதின அந்த 'படிஞ்சு கிடக்கிற சத்தத்தை' வாசிக்கேக்க எனக்கு உடன வந்தது அந்தக் கதவடிதான். அதுக்கு அம்மாட்ட இருந்த சொல்லு இது. அசுமாத்தம் எண்டும் சொல்லுவா, ஆனா 'அரை அசுமாத்தம்' எண்டு சொல்லிப் பாருங்கோ, வாய்க்குள்ள அடங்காது.

அரவம் எண்டா பாம்பெல்லோ எண்டு கேப்பியள். பாட்டில பாம்புதான், ஆனா எங்கட ஊரில வேலிக்குள்ள பாம்பைக் கண்டா ஆரும் அரவம் எண்டு கத்துறேல்லை. சம்பந்தர் எங்கட கோணமலையைப் பாடின பதிகம் தொடங்கிறதே 'நிரைகழல் அரவம்' எண்டுதான், வரிசையாக் கட்டின கழலின்ர சத்தம், அதிலயே கடலைக் குரைகடல் எண்டுறார். கோணேசர் கோயில் இருக்கிற சுவாமி மலையில ராவணன் வெட்டுப் பக்கம் நிண்டு கீழ அலை அடிக்கிறதைக் கேட்டவைக்கு அந்தக் குரை எண்ட சொல்லு விளங்கும்.

இனி பின்னம். இதைக் கண்டதில இருந்து எனக்கு வேற பேரே பிடிக்கேல்லை. அரவத்தில காலைச் சொல்லுங்கோ: கால் அரவம். நாலில ஒண்டு எண்டும் வரும், காலடிச் சத்தம் எண்டும் வரும்! அப்ப வரையறையையே அதில வைக்கலாம், வளந்த ஒரு ஆள் மணல்ல வைக்கிற ஒரு அடி விட்டிட்டுப் போறது கால் அரவம், நாலு அடி நடந்தா ஒரு அரவம். குழந்தை வைக்கிற அடி அரைக்கால் அரவம், எட்டில ஒண்டு. ஒருத்தரும் மனப்பாடம் செய்யத் தேவையில்லை.

டெசிபல் மாதிரி வைப்பம் எண்டு ஒருத்தர் எழுதியிருந்தார், அதுக்கு நான் ஒத்துவரமாட்டன். டெசிபல் விகிதத்தைச் சொல்லுறது, 60 டெசிபலில ஓடுற மோட்டருக்குப் பக்கத்தில அதேமாதிரி இன்னொண்டைப் போட்டா 120 வராது, 63தான் வரும். சந்தையில அதை வச்சு வியாபாரம் பண்ண ஏலாது. ரெண்டு அரவமும் மூண்டு அரவமும் அஞ்சு அரவம் எண்டு கிழவியும் விரலால கூட்டவேணும். சோன் எண்டு 1936இல ஸ்டீவன்ஸ் வச்ச அலகு இந்தக் குணத்துக்குக் கிட்ட வரும், 2 சோன் சத்தம் 1 சோனிலும் ரெண்டு மடங்கா காதுக்குப் படும்.

அளக்கிற கருவிக்கு மட்டக்களப்பில இருந்து ஒண்டு எடுப்பம். அங்க பாடும்மீனைக் கேக்க வாவியில துடுப்பை விட்டு மற்ற நுனியைக் காதில வைப்பினம். ஓசைநாட்டு வியாபாரி சாக்குக்குள்ள துடுப்பை விட்டுக் காதில வச்சு 'இதில ஒண்டே முக்கால் அரவம் இருக்கு' எண்டு சொல்லட்டும்.

பெரிய அளவுக்குக் கூப்பிடு எண்டதையே திரும்ப எடுப்பமா? 16 அரவம் ஒரு கூப்பிடு எண்டு வச்சா அரவம் அதின்ர மாகாணியா, பதினாறில ஒண்டா, வந்து நிக்கும், பழைய கணக்கோட பொருந்தும். ஆனா நெஞ்சு நிறையக் கூப்பிடுற ஒரு கூப்பிடல் 64 காலடிக்குச் சமமா எண்டதில எனக்குக் கொஞ்சம் யோசினை, கூடச் சொல்லுறனோ குறைச்சுச் சொல்லுறனோ தெரியேல்லை. கடற்கரையில இருக்கிற ஆக்கள் ஒருக்கா நடந்தும் கூப்பிட்டும் பாத்திட்டு எழுதுங்கோ.