அரசு நிதியில் சாப்பாடு, நடுவில் பிரார்த்தனை: விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்

வணக்கம். அமெரிக்காவில் ஒரு வழிபாட்டு அமைப்பு நடத்தும் முதியோர் உணவுத் திட்டத்துக்குக் கணக்கு எழுதுகிறேன். முதன்முறையாக ஃபெடரல் (மத்திய அரசு) பணம் வந்திருக்கிறது. ஏழைகளுக்கான அரசு உதவியை மாற்றியமைத்த 1996 நலச்சட்டம், சில திட்டங்களில் மத அமைப்புகளுக்கு இப்படி ஒரு கதவைத் திறந்துவிட்டது. ஆனால் நேரடி மானியத்தில் வழிபாடு கூடாது. வேறு நேரத்திலோ வேறு இடத்திலோதான் வைக்க வேண்டும், யாரையும் கட்டாயப்படுத்தக் கூடாது.

விதி புரிகிறது, ஹால்தான் ஒன்றே ஒன்று! தட்டு வைத்த கையோடு எங்கள் பெரியவர் பிரார்த்தனையைத் தொடங்கிவிடுகிறார். எல்லோரும் எழுந்து நிற்க, ஒரு பாட்டி மட்டும் கரண்டியும் கையுமாக விழிக்கிறார். பெரியவரிடம் சொல்ல எனக்கும் தயக்கம்.

இப்படி நடத்துபவர்கள் நேரத்தை எப்படிப் பிரித்தீர்கள்? ஹால் வாடகையையும் மின்கட்டணத்தையும் இரண்டு கணக்காக எப்படி எழுதுகிறீர்கள்? அடுத்த மாதம் தணிக்கை. வாசலில் ஒட்டும் அறிவிப்பின் மாதிரி இருந்தாலும் பகிருங்களேன்.