நிலத்துக்குத் தடை வாங்கினோம், மரத்தை மறந்துவிட்டோம்

காங்கேயத்திலிருந்து:

எங்கள் அப்பாரு, அதாவது தாத்தா, விட்டுப்போனது பதினோரு ஏக்கர் கொறங்காடு என்கிற மேய்ச்சல் காடு. கிளுவை வேலிக்குள் கொழுக்கட்டைப்புல்லும் வெள்வேல மரங்களும்தான். உழவு கிடையாது. செம்மறி மேயும், புல் காய்ந்த மாதங்களில் வெள்வேலங்காய்தான் அதுகளுக்குத் தீனி.

அப்பாவும் பெரியப்பாவும் காலமான பிறகு பாகப்பிரிவினை வழக்கு வந்தது. கூட்டுப் பட்டா. பெரியப்பா மகன், எனக்கு அண்ணன் முறை, காட்டை யாருக்காவது கிரயம் செய்துவிடுவார் என்பதுதான் எங்கள் பயம். விற்கக் கூடாது, அடமானம் வைக்கக் கூடாது என்று இடைக்காலத் தடை கேட்டோம், கிடைத்தது. மனுவில் மரம் என்ற சொல்லே இல்லை.

ஒரு சனிக்கிழமை விடியலில் காட்டில் செம்மறி மேய்க்கும் பட்டிக்காரர் போன் செய்தார், மெஷின் ரம்பம் ஓடுகிறது என்று. நாங்கள் போவதற்குள் ஒரு லாரி கிளம்பியிருந்தது. ஸ்டேஷனில், "அவரும் பங்காளிதானே, இது சிவில் கேஸுங்க" என்று சொல்லிவிட்டார்கள். அன்று எனக்கு வந்த ஆத்திரம் கொஞ்சமல்ல. தனக்கும் உரிமை உண்டு என்று உண்மையிலேயே நம்பி எடுப்பவர்மேல் திருட்டுக் குற்றம் நிற்காது என்று வக்கீல் பிறகு விளக்கினார். கோர்ட் திங்கட்கிழமைதான். அதற்குள் 37 மரம் விழுந்துவிட்டது. அதில் பாதி என் அப்பா காலத்துக்கும் முந்தையது.

அண்ணனின் வக்கீல், தடை நிலத்துக்குத்தான், மரம் விற்றது மீறல் ஆகாது என்று வாதாடினார். சொத்துரிமை மாற்றுச் சட்டம் 3ஆம் பிரிவு, வெட்டுவதற்கென நிற்கும் மரத்தை அசையாச் சொத்தில் சேர்க்கவில்லை என்பது அவர் பிடி. அப்புறம்தான் உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 39, விதி 1இல் புதிதாக மனு போட்டோம். வழக்கில் உள்ள சொத்து சேதமாகும், பாழாகும் என்ற ஆபத்து இருந்தாலே அந்த விதியில் தடை கேட்கலாம். கூடவே கட்டளை 26, விதி 9இல் வக்கீல் கமிஷனர் கேட்டோம், கோர்ட் சார்பில் இடத்தை நேரில் பார்த்து அறிக்கை தருபவர்.

எங்களைக் காப்பாற்றியது அந்தக் கமிஷனர்தான். இரண்டு நாள் வெயிலில் நின்று, வெட்டிய மரத்தின் அடிக்கட்டையான ஒவ்வொரு தூரையும் டேப் பிடித்து அளந்தார், போட்டோ எடுத்தார். ஐந்து தூரை ஜேசிபி வைத்து மண் போட்டு மூடியிருந்தார்கள். பட்டிக்காரர் இடம் காட்ட, அதையும் தோண்டிப் பார்த்தார். நின்ற 22 மரத்துக்கும் பெயிண்டில் எண் போட்டார். அறிக்கை வந்ததும் வெட்டத் தடை கிடைத்தது. காட்டில் கிடந்த கட்டைகளைக் கமிஷனரே ஏலம் விட்டுப் பணத்தைக் கோர்ட்டில் கட்ட உத்தரவானது. லாரியில் போனதற்கு எடை மேடை ரசீது பிடித்துக் கொடுத்திருக்கிறோம். கணக்கு இறுதியில்தான் தீரும்.

பொள்ளாச்சியிலிருந்து:

எங்களுடையது தென்னந்தோப்பு, வழக்கு நடக்கும்போது அது எதிர்த்தரப்பின் கையில் இருக்கிறது. காய் வெட்டவே கூடாது என்று கேட்டேன், நீதிபதி ஒப்பவில்லை. காய் பறிக்காமல் விட்டால் தோப்புக்குத்தான் கேடு என்றார். யோசித்தால் அது சரிதான். பறிக்கலாம், ஒவ்வொரு வெட்டுக்கும் கணக்கு தாக்கல் செய்ய வேண்டும், ஒரு மரத்தையும் சாய்க்கக் கூடாது என்று உத்தரவு. கணக்கு ஒழுங்காக வருவதில்லை. மரம் நிற்கிறது.

கோபியிலிருந்து:

வரப்புத் தேக்கு எங்களுக்கு. வழக்குப் போடும்போதே வக்கீல் குமாஸ்தா கேட்டார், மரம் எத்தனைங்க என்று. எண்ணி, சுற்றளவோடு சொத்து விவரத்தில் எழுதினோம். எதிர்த்தரப்பு ஆள் கூட்டி வந்தபோது அந்தத் தாளையும் தடையுத்தரவையும் மர வியாபாரியிடம் காட்டினேன். அவர் முன்பணத்தைத் திருப்பி வாங்கிக்கொண்டு போய்விட்டார்.

மீண்டும் காங்கேயத்திலிருந்து:

அந்தக் குமாஸ்தா எங்களுக்குக் கிடைக்கவில்லையே என்று இருக்கிறது. போன வாரக் காற்றில் எட்டாம் எண் மரம் வேரோடு சாய்ந்துவிட்டது. அண்ணனே போன் செய்து சொன்னார். இருவரும் தொடவில்லை. அடுத்த வாய்தாவில் அதற்கு இரண்டு தரப்பும் சேர்ந்து மனு போடுகிறோம்.