புதுப்பிப்பு: எந்தப் படம் வேண்டும் என்பதை அவர்களிடமே விட்ட பிறகு

ஒரே ஆட்களைப் பல வருடங்களாகப் போர்ட்ரெய்ட் எடுக்கிறேன்; படத் தேர்வில் அவர்களுக்கும் பங்கு கொடுக்கலாமா என்று முன்பு கேட்டிருந்தேன். வேலை கெட்டுவிடும் என்று சிலர் எச்சரித்தீர்கள். கொடுத்துப் பார்த்தேன்.

இப்போது காண்டாக்ட் ஷீட்டை (எடுத்த எல்லாப் படங்களும் சிறியதாக அச்சான தாளை) முழுதாக விரித்து, பேனாவையும் அவர்களிடமே தந்துவிடுகிறேன். பாதி முகத்தில் ஜன்னல் வெளிச்சம் விழுந்த ஒரு படத்தை நான் ரொம்ப நம்பியிருந்தேன். அதில் இருந்த பெண்மணி முதல் வேலையாக அதைத்தான் வேண்டாம் என்று பேனாவால் அடித்துவிட்டார். "இது நீங்க நினைக்கிற நான்" என்றார். வயிற்றெரிச்சல்தான்! ஆனால் அடுத்த முறை எங்கே உட்காருவது, கண்ணாடி போடுவதா வேண்டாமா என்பதையெல்லாம் அவரே முடிவு செய்துகொண்டு வந்தார். கேமராவைப் பார்த்த பார்வையே வேறு.

புகைப்படக் கலைஞர் ரினெகே டைக்ஸ்ட்ராவை ஒருவர் சுட்டிக்காட்டியிருந்தீர்கள். 1994-இல் நெதர்லாந்தின் அகதிகள் மையமொன்றில் போஸ்னியச் சிறுமி ஒருத்தியை எடுக்கத் தொடங்கி, அவள் தாயான பிறகும் தொடர்ந்தவர். நாற்காலியில் உட்கார்ந்த எளிய படங்கள்தான். எனக்கு அதில் உறைத்தது வேறு விஷயம்: சிறுவயதில் பெற்றோர் தந்த சம்மதம் பெரியவளான பின் எப்படிச் செல்லும்? அதனால் பதினெட்டு முடிந்தவர்களிடம் பழைய படங்களுக்கும் சேர்த்து மறுபடி கேட்கிறேன். அவர்களில் ஒருவர் "இனி போதும்" என்றார். சரி, நிறுத்திவிட்டேன்.

அப்புறம், பணம் பற்றிக் கேட்டவர்களுக்கு: பிரிண்ட் விற்றால் அவர்களுக்கும் பங்கு உண்டு, எழுதியே கொடுத்திருக்கிறேன்.