ஸ்கேனில் டிஸ்க் தேய்மானம் என்று வந்துவிட்டது. அம்மா இனி கொழுந்து பறிக்கப் போகலாமா?

மஞ்சூர் மலர்:
அம்மாவுக்கு 52 வயது. நீலகிரியில் குந்தா பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்தில் 30 வருடமாகக் கொழுந்து எடுக்கிறார். இரண்டு மாதமாக இடுப்பிலிருந்து வலது கெண்டைக்கால் வரை கரண்ட் அடிக்கிற மாதிரி இழுக்கிறது. கோயம்புத்தூரில் எம்.ஆர்.ஐ. எடுத்தோம். கீழ் முதுகில் எல்4-எல்5, எல்5-எஸ்1 என்ற இரண்டு இடத்திலும் ஜவ்வு, அதாவது டிஸ்க், தேய்ந்து பிதுங்கியிருக்கிறது என்று ரிப்போர்ட். தோட்டத்து மருந்தகத்தில் காட்டினால், "வயசானா அப்படித்தான்" என்று மாத்திரை கொடுத்து அனுப்பிவிட்டார்கள். எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. இது வயதால் வந்ததில்லை, வேலையால் வந்தது. வேலையை விட்டுவிட்டுப் படுத்து ஓய்வெடுக்கச் சொல்கிறேன், அம்மா கேட்க மாட்டேன் என்கிறார். நான் சொல்வது சரிதானே?

குன்னூர் பிசியோ:
மலர், வேலையைப் பற்றி அப்புறம் பேசுவோம். படுக்க மட்டும் வைத்துவிடாதீர்கள். காலுக்கு இறங்கும் இதே வலியோடு வந்த 183 பேரை வைத்து நெதர்லாந்தில் ஓர் ஆய்வு நடந்தது, 1999-ல் வெளியானது. பாதிப் பேருக்கு இரண்டு வாரம் படுக்கை ஓய்வு. மற்றவர்கள் முடிந்தவரை நடமாடினார்கள். 12 வாரம் கழித்துப் பார்த்தால் இரண்டு பக்கமும் 87% பேருக்குக் குணம் தெரிந்தது. படுத்ததால் கூடுதலாக ஒன்றும் கிடைக்கவில்லை.

அடுத்து, ரிப்போர்ட். டிஸ்க் என்பது இரண்டு முதுகெலும்புக்கு நடுவே இருக்கும் மெத்தை. சுற்றிலும் நார் வளையம், நடுவில் தண்ணீரைப் பிடித்து வைக்கும் கூழ். வளர்ந்தவர்களுக்கு அதன் உள்ளே ரத்தக் குழாய் கிடையாது. மேலும் கீழும் உள்ள எலும்பிலிருந்து சத்து கசிந்து வந்தால்தான் உண்டு. அதனால் வயது ஏற ஏறத் தண்ணீர் குறைந்து தட்டையாகிறது. முதுகு வலியே இல்லாத 3,110 பேரின் ஸ்கேன் முடிவுகளைத் தொகுத்து 2015-ல் ஒரு கட்டுரை வந்தது. 20 வயதிலேயே 37% பேருக்குத் தேய்மானம், 50 வயதில் 80%. இவர்கள் யாருக்கும் வலி இல்லை என்பதைக் கவனியுங்கள். தேய்மானம் என்ற சொல்லைக் கேட்டதும் முதுகே உதிர்ந்துவிடும் என்று நினைத்து, குனியவே பயந்து, உடம்பு இறுகிப்போய் வருகிறவர்களை நான் வாரந்தோறும் பார்க்கிறேன். அந்தப் பயமே ஆளைப் படுக்கவைத்துவிடுகிறது.

எடைக்களம்:
பிசியோ சார், நான் தொழிற்சங்கத்தில் 20 வருடம் இருந்தவன். இந்தப் பேச்சின் முடிவு எனக்குத் தெரியும். "எல்லாருக்கும் வருவதுதான்" என்று நீங்கள் நல்லெண்ணத்தோடு சொல்கிறீர்கள். நாளைக்கு அதையே நிர்வாகம் சொல்லும், மருந்தகமும் சொல்லும். மலரின் அம்மாவுக்கு ஏற்கெனவே சொல்லிவிட்டார்கள்.

சரி, படத்தை விடுங்கள், ஆளைப் பாருங்கள். சரிவில் ஒரு கால் மேலே, ஒரு கால் கீழே. செடி இடுப்பளவு. கை நீளும், இடுப்பு திரும்பும், கால் நகராது. இப்படி ஒரு நாள் முழுக்க. மழை பெய்து கொழுந்து கொட்டும் நாளில் பை 25 கிலோ, 30 கிலோ வரும். ஈர இலை என்றால் இன்னும் கனம். அதைத் தலையில் ஏற்றிக்கொண்டு வழுக்குகிற படியில் இறங்கி, எடை போடும் இடத்தில் குனிந்து, உடம்பைப் பக்கவாட்டில் முறுக்கித் தராசுக் கொக்கியில் மாட்ட வேண்டும். "ஐயோ" என்ற சத்தம் அந்தக் கொக்கிப் பக்கத்தில்தான் கேட்கும். நான் கேட்டிருக்கிறேன்.

குன்னூர் பிசியோ:
அண்ணா, நிர்வாகத்துக்காக நான் பேசவில்லை. ஆனால் உண்மையை மாற்றிச் சொல்ல முடியாது. பின்லாந்தில் ஒரே கருவில் பிறந்த 115 ஜோடி இரட்டையரை வைத்து ஆராய்ந்து 1995-ல் வெளியிட்டார்கள். ஒருவர் பாரம் தூக்கும் வேலை, மற்றவர் லேசான வேலை என்று வித்தியாசம் இருந்த ஜோடிகளும் அதில் உண்டு. கீழ் முதுகு டிஸ்க்கின் தேய்மானத்தில் உடல் உழைப்பின் பங்கு 2% என்றுதான் வந்தது. குடும்ப வாகு அதைவிடப் பல மடங்கு. "வேலைதான் டிஸ்க்கைத் தேய்த்தது" என்று கோரிக்கை வைத்தால், இந்த ஒரு கட்டுரையைக் காட்டியே எதிர்த்தரப்பு உங்களை வீழ்த்திவிடும்.

எடைக்களம்:
அந்த 115 ஜோடியில் பெண் ஒருத்தி உண்டா?

குன்னூர் பிசியோ:
இல்லை. எல்லாரும் ஆண்கள்.

எடைக்களம்:
அதை விடவும் பெரிய கேள்வி ஒன்று இருக்கிறது. படத்தில் தெரியும் தேய்மானம் வேறு, வலி வேறு என்று நீங்கள்தான் முதலில் சொன்னீர்கள். 50 வயதில் 80% பேருக்கு வலியில்லாமலே தேய்மானம் உண்டு என்றீர்கள். அப்படியானால் பின்லாந்துக்காரர்கள் அளந்தது எதை? தேய்மானத்தை. தேய்மானம் வலிக்குச் சாட்சி இல்லை என்றால், அந்த 2% மட்டும் எப்படி வேலைக்கு நற்சாட்சி ஆகும்? டிஸ்க் எதனால் தேய்ந்தது என்பது எங்கள் வழக்கே இல்லை. தேய்ந்த டிஸ்க்கோடு இருக்கும் ஒரு பெண்ணை 30 கிலோவோடு சரிவில் இறக்குவது சரியா என்பதுதான் கேள்வி.

கூடலூர் வாசு:
விவாதத்துக்கு நடுவே இதைச் சொல்லியே ஆக வேண்டும், மன்னியுங்கள். என் அண்ணிக்கும் இப்படித்தான் கால் வலியில் ஆரம்பித்தது. விண்டர்கிரீன் எண்ணெய், ஒத்தடம், பெல்ட் என்று ஓட்டினோம். ஒரு நாள் சாயங்காலம் உட்காரும் இடம் மரத்துப்போனது என்றார். இரண்டு காலும் துவண்டது. ராத்திரி சிறுநீர் வரவில்லை. குளிரில் அடைத்துக்கொண்டது, விடிந்தால் சரியாகும் என்று காத்திருந்தோம். மறுநாள் மத்தியானம்தான் ஜீப் பிடித்துக் கீழே கொண்டுபோனோம். அறுவை சிகிச்சை நடந்தது, இப்போது நடக்கிறார். ஆனால் சிறுநீர்ப் பை இன்னும் முழுதாகத் திரும்பவில்லை. அந்த ஒரு ராத்திரியை நினைத்தால் இன்றைக்கும் வயிறு கலங்குகிறது.

குன்னூர் பிசியோ:
வாசு சொன்னதை எல்லாரும் மனதில் வையுங்கள். பிறப்புறுப்பு, ஆசனவாய்ச் சுற்று மரத்துப்போவது, சிறுநீர் வராமல் இருப்பது அல்லது தெரியாமல் போவது, மலம் அடக்க முடியாதது, கால் பலம் திடீரெனக் குறைவது. இதில் ஒன்று வந்தாலும் அன்றே மருத்துவமனை. மலையிலிருந்து இறங்கும் நேரத்தையும் கணக்கில் வைத்துக் கிளம்ப வேண்டும். தண்டுவடத்தின் கீழே குதிரைவால் மாதிரி தொங்கும் நரம்புக் கற்றையை டிஸ்க் நசுக்குகிறது என்று அர்த்தம். இதற்குத் தைலமும் இல்லை, பிசியோவும் இல்லை.

எடைக்களம் அண்ணா, நீங்கள் கேட்டதற்கு வருகிறேன். ராத்திரி யோசித்துப் பார்த்தேன். நீங்கள் சொல்வது சரி. தேய்மானத்துக்கான கணக்கை வலிக்கு வைத்தது என் தப்பு. குனிந்து, திரும்பி, பாரம் தூக்குவது முதுகு வலியைக் கிளப்பும் என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் ஒன்றில் விட்டுக்கொடுக்க மாட்டேன். "உன் முதுகு கெட்டுவிட்டது, இனி நீ எதற்கும் ஆகமாட்டாய்" என்று அந்த அம்மாவிடம் யாரும் சொல்லக் கூடாது. பிதுங்கிய ஜவ்வு பலருக்கு மாதக்கணக்கில் தானாகவே சுருங்கிவிடுகிறது.

எடைக்களம்:
அதை நானும் சொல்ல மாட்டேன் சார். ஆனால் சுருங்குகிற அந்த மாதங்களில் அடுப்பு எரிய வேண்டுமே. வேலையை விட்டால் தோட்டம் கொடுத்த லைன் வீடும் போய்விடும். மலர், கோபத்தில் அம்மாவை வேலையை விடச் சொல்வதற்கு முன் இதையும் யோசியம்மா. 1951-ல் வந்த தோட்டத் தொழிலாளர் சட்டமே மருத்துவ வசதியைத் தோட்டத்தின் பொறுப்பாகத்தான் வைத்தது. லேசான வேலை கேட்பது பிச்சை இல்லை.

மஞ்சூர் மலர்:
நேற்று ராத்திரி இதையெல்லாம் அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். வாசு அண்ணன் எழுதியதைக் கேட்டுவிட்டு, அப்படி எதுவும் தனக்கு இல்லை என்று இரண்டு தடவை சொன்னார். அப்புறம் நான் எதிர்பார்க்காத ஒன்றைச் சொன்னார். "பறிக்கிறப்ப எனக்கு அவ்வளவு வலி இல்ல. நடந்துக்கிட்டே இருக்கேன். அந்தப் பையைத் தூக்குறப்பதான் உயிர் போகுது." இத்தனை நாளில் எந்த நேரத்தில் வலிக்கிறது என்று நான் கேட்கவே இல்லை. டாக்டரும் கேட்கவில்லை.

அம்மா கேட்பது இவ்வளவுதான். பை பாதி நிறைந்ததும் எடை போட்டுவிட வேண்டும், கொக்கியில் வேறு யாராவது மாட்டித் தர வேண்டும். மேஸ்திரியிடம் பேசினோம். "பேப்பர் கொண்டு வா, பார்க்கலாம்" என்கிறார். பாதிப் பையாக இறக்கினால் நடை கூடும், அந்த நேரத்தில் கொழுந்து குறையும். அதற்கு அரைப்பேர், அதாவது அரை நாள் கூலி, போட்டுவிடுவார்களோ என்று அம்மாவுக்குப் பயம்.

குன்னூர் பிசியோ:
சனிக்கிழமை அழைத்து வாருங்கள். கால் பலம், மரத்துப்போனது எல்லாம் பார்த்து எழுதித் தருகிறேன். "ஓய்வு தேவை" என்று எழுத மாட்டேன். "12 வாரத்துக்கு 10 கிலோவுக்கு மேல் தூக்கக் கூடாது, பறிக்கலாம், நடக்கலாம்" என்று எழுதுகிறேன். தோட்ட மருந்தகத்தின் டாக்டரும் கையெழுத்துப் போட்டால் நல்லது.

எடைக்களம்:
அதோடு இன்னொரு வரியும் வேண்டும் சார். இதனால் நாள் பேர் குறைக்கப்பட மாட்டாது என்று நிர்வாகத்திடம் எழுதி வாங்க வேண்டும். நீங்கள் உங்கள் பேப்பரைக் கொடுங்கள், அதை நான் வாங்கித் தருகிறேன். மலர், எந்த டிவிஷன் என்று தனியாகச் செய்தி அனுப்பு.