கருவி ஒன்று சொன்னது, நான் ஒன்று கேட்டேன்: ஃபைபர் வேலை அனுபவங்கள்

மண்வெட்டி:

ஃபைபர் (ஒளியிழைக் கேபிள்) வேலையில் ஏமாந்த கதைகளை எழுதுவதற்காக இந்த உரையாடல் இழையைத் தொடங்குகிறேன். பெருமைக் கதைகள் வேண்டாம். அவற்றை நேர்காணலுக்கு வைத்துக்கொள்ளுங்கள். என்ன அளவு வந்தது, அதை நீங்கள் எப்படிப் புரிந்துகொண்டீர்கள், உண்மையில் நடந்தது என்ன என்று மூன்றையும் எழுதினால் மற்றவர்களுக்கும் உதவும்.

முதலில் என் கதை. நிலத்தடிக் கேபிள் ஒன்று அறுந்துவிட்டது. ஒளித் துடிப்பை அனுப்பித் திரும்பிவரும் ஒளியைக் கொண்டு தூரம் சொல்லும் ஓடிடிஆர் கருவி 6.84 கிலோமீட்டரில் அறுபட்டிருப்பதாகக் காட்டியது. அளவுச் சக்கரத்தை உருட்டிக்கொண்டே நடந்து, சரியாக 6.84 வந்த இடத்தில் கோடு போட்டுத் தோண்டினோம். கேபிள் ஒரு கீறல்கூட இல்லாமல் கிடந்தது. பத்து மீட்டர் முன்னால், பத்து மீட்டர் பின்னால் என்று பொழுது சாயும்வரை மண்ணைக் கிளறினோம். கருவி பழுது என்று நானே தீர்ப்பும் எழுதிவிட்டேன்.

அறுபட்ட இடம் ஏறத்தாழ 240 மீட்டர் முன்னாலேயே இருந்தது. கருவி அளந்தது கண்ணாடி இழையின் நீளத்தை. நான் அளந்தது தரையின் நீளத்தை. வழியிலிருந்த ஏழு குழிகளிலும் 20 மீட்டர் கேபிளைச் சுருட்டி வைத்திருந்தார்கள். அதுவே 140 மீட்டர். கேபிளுக்குள் இழைகள் நேராக ஓடுவதில்லை, முறுக்கிச் செல்கின்றன. அதனால் உறையைவிட இழை ஒரு சதவீதம் அளவுக்கு நீளம். மிச்சம் என் கைவேலை. ஒளிவிலகல் எண்ணை (கண்ணாடியில் ஒளி எவ்வளவு மெதுவாகச் செல்கிறது என்பதைக் குறிப்பது) 1.468 என்று வைக்க வேண்டிய இடத்தில், யாரோ விட்டுப்போன 1.46 ஐ மாற்றாமலே அளந்திருக்கிறேன். கருவி அறிவது துடிப்பு போய்த் திரும்பிய நேரத்தை மட்டும்தான்; கிலோமீட்டருக்குப் பத்து மைக்ரோ நொடி. அதைத் தூரமாக மாற்றுவது நாம் கொடுக்கும் எண்.

அதே வரைபடத்தில் 5.91 கிலோமீட்டரில் ஒரு ஜாயின்ட் (இரு கேபிள்களை ஒட்டிய இடம்) தெளிவாகத் தெரிந்தது. அந்தக் குழி எங்கே இருக்கிறது என்பதும் எனக்குத் தெரியும். அங்கிருந்து அளந்திருந்தால் மிச்சம் 930 மீட்டர்தான். பிழையும் அந்த அளவுக்குச் சுருங்கியிருக்கும். இப்போது அப்படித்தான் செய்கிறேன். இந்தப் பெயரை எனக்கு வைத்தவர்கள் அன்று உடன் தோண்டியவர்கள்.

ஸ்லீவ் மறந்தவன்:

என் பெயரே என் கதை. 24 இழை ஜாயின்ட். கடைசி இழையின் ஸ்பிளைஸ் (உருக்கி ஒட்டிய ஒட்டு) 0.02 டெசிபெல் இழப்பு என்று திரையில் வந்தது. மகிழ்ச்சியோடு நிமிர்ந்தால், அதற்குப் போட வேண்டிய பாதுகாப்பு ஸ்லீவ் பெட்டிக்குள்ளேயே இருக்கிறது. ஒட்டிய பிறகு அதை மாட்ட வழியில்லை என்பது இங்கே எல்லோருக்கும் தெரியும். வெட்டினேன், மறுபடி உரித்தேன், மறுபடி துடைத்தேன், மறுபடி கிளீவ் செய்தேன், அதாவது முனையை நேராக நறுக்கினேன். இரண்டாவது முறை 0.05. இது பத்தாண்டு அனுபவம் உள்ளவன் எழுதுவது. அன்றே "ஸ்லீவ்?" என்று ஒரு சீட்டு எழுதி ஸ்பிளைசர் மூடியின்மேல் ஒட்டிவிட்டேன்.

இரவுப்பணி:

என்னுடையது கொஞ்சம் நீளம், பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஒரு 10 கிகாபிட் இணைப்பு. இரு முனையிலும் 1550 நானோமீட்டரில் இயங்கும் 40 கிலோமீட்டர் மாட்யூல் (ஒளியை அனுப்பிப் பெறும் செருகுபெட்டி). பகல் முழுவதும் ஒரு பிழை இல்லை. இரவானால் விழுந்துவிடும். அழைப்பு வரும், கிளம்பிப் போவேன், ரேக்கை (கருவி அலமாரியை) திறப்பேன், பார்த்தால் இணைப்பு நலமாக இருக்கும். பல்வலிக்காரன் மருத்துவரின் வாசலை மிதித்ததும் வலி நிற்குமே, அதே நிலை.

முதல் இரவு கனெக்டர்களைத் துடைத்தேன். இரண்டாம் இரவு மாட்யூலை மாற்றினேன். மூன்றாம் இரவு எதிர்முனைக்காரரோடு சண்டை போட்டேன். இரவுக் குளிரில் கேபிள் சுருங்குகிறது என்று ஒரு கோட்பாடும் வைத்திருந்தேன். அழகான கோட்பாடு, படம்கூட வரைந்தேன்.

நான்காம் நாள்தான் ஸ்விட்சில் மாட்யூல் பதிவுசெய்திருந்த பெறு சக்தியை மணிவாரியாக எடுத்துப் பார்த்தேன். பகலில் −8.6 டிபிஎம் (எண் கீழே போகப்போக ஒளி குறைவு). இரவில் −19.4. இந்த வகை மாட்யூலுக்கு −15.8 வரைதான் உத்தரவாதம். படிப்படியாக இறங்கியிருந்தால் குளிர் என்று சொல்லலாம். இது ஒரே நிமிடத்தில் இறங்கி, நான் வந்த நிமிடத்தில் ஏறியிருக்கிறது. அப்போதுதான் உறைத்தது: பகலில் அந்த அறையில் வேலை நடப்பதால் ரேக் கதவு திறந்தே இருக்கும். இரவில் பூட்டிவிட்டுப் போவார்கள். நான் வந்ததும் முதலில் செய்வது அதைத் திறப்பது.

எதிர்முனையிலிருந்து 1310, 1550 நானோமீட்டர் என்ற இரண்டு அலைநீளங்களிலும் மாற்றி மாற்றி ஒளி அனுப்பச் சொன்னோம். ஒளியின் அளவைக் காட்டும் பவர் மீட்டரை ரேக்குக்குள் வைத்து, துளையிட்ட கதவின் வழியாக எண்களைப் படித்தோம். கதவை மூடினால் 1310 இல் ஒரு டெசிபெல்கூடக் குறையவில்லை. 1550 இல் பத்துக்கு மேல் போய்விட்டது. இழை வளைந்திருப்பதற்கு அதைவிடத் தெளிவான அடையாளம் கிடையாது. அலைநீளம் கூடக்கூட ஒளி இழைக்குள் தளர்வாக அடங்கியிருக்கிறது, வளைத்தால் முதலில் வெளியே கசிவது அதுதான். புதிதாகச் செருகிய ஒரு பேட்ச் கார்டு (குட்டை இணைப்பு இழை) முன்பக்கம் துருத்திக்கொண்டு நின்றது. கதவின் உள்விளிம்பு அதைக் கனெக்டரின் கழுத்தருகில் மடித்துக்கொண்டிருந்தது.

எதிர்முனைக்காரரிடம் மன்னிப்புக் கேட்டேன். குளிர்க் கோட்பாட்டின் படத்தை இன்னும் வைத்திருக்கிறார்.

புதுக்கை:

அண்ணா, கதவுக் கதையைப் படித்துவிட்டு எங்கள் ரேக்குகளை ஒருமுறை சுற்றிவந்தேன். இரண்டு இடத்தில் கார்டு கதவில் உரசுகிறது. நன்றி.

என் கதை சிறியது. நான் போட்ட ஸ்பிளைஸ் ஒன்று ஓடிடிஆரில் −0.12 டெசிபெல் இழப்பு என்று வந்தது. இழப்பே இல்லை, ஒளி கூடியிருக்கிறது! மேலாளரிடம் காட்டினேன். அவர் ஒன்றும் சொல்லாமல் தேநீர் குடிக்கப் போய்விட்டார். இன்றுவரை அது ஏன் என்று எனக்கு யாரும் விளக்கவில்லை.

பழைய கை:

தம்பி, மறுமுனையிலிருந்தும் அளந்தீர்களா?

புதுக்கை:

இன்று காலை அளந்தேன் ஐயா. +0.20 வருகிறது.

பழைய கை:

அப்படியானால் உங்கள் ஸ்பிளைஸ் 0.04. நல்ல வேலை, ஆனால் அற்புதம் அல்ல. ஒட்டிய இரண்டு இழைகளும் ஒரே வார்ப்பு அல்ல. ஒளி பரவும் வட்டத்தின் விட்டம் சற்றே வேறு. இரண்டாவது இழை ஒளியைக் கொஞ்சம் கூடுதலாகப் பின்னோக்கிச் சிதறடித்தால், வந்துசேரும் ஒளி கூடிவிட்டதாகக் கருவி எண்ணிக்கொள்கிறது. எதிர்ப்பக்கமிருந்து பார்த்தால் அதே அளவுக்கு இழப்பை மிகைப்படுத்தும். இரண்டையும் கூட்டிப் பாதியாக்கினால் உண்மை. மேலாளருக்கும் தெரியாது என்றே நினைக்கிறேன், அதனால்தான் தேநீர்.

மண்வெட்டி கேட்டதால் என் பழைய அவமானத்தையும் சொல்கிறேன். பச்சை நிறக் கனெக்டரை நீல நிறப் போர்ட்டில் செருகியவன் நான். உள்ளே போய் உட்கார்ந்துகொண்டது, அதனால் பொருந்திவிட்டது என்று நினைத்தேன். பச்சையின் முகம் 8 டிகிரி சாய்ந்திருக்கும், நீலத்தின் முகம் நேர். இரண்டுக்கும் நடுவில் காற்று. பல டெசிபெல் போனது மட்டுமல்ல, ஒரு முகம் மற்றதைக் கீறிவிட்டது. பிறகு அதே கார்டைத் துடைத்து, அடுத்தடுத்த போர்ட்டுகளைச் சோதிக்கப் பயன்படுத்தினேன். சோதித்த இடமெல்லாம் கெட்டது. ஒளி போகும் வட்டம் 9 மைக்ரான்தான் தம்பி, அங்கே ஒரு கீறல் விழுந்தால் துடைத்துப் போகாது. அன்று என்னிடம் நுண்ணோக்கி இருந்தது, பையில்.

எட்டு மடங்கு:

80 கிலோமீட்டர் மாட்யூல் புதிதாக வந்திருந்தது. ஆர்வக்கோளாறு. இரண்டு மீட்டர் பேட்ச் கார்டை எடுத்து அனுப்பும் துளையையும் பெறும் துளையையும் நேராக இணைத்துப் பார்த்தேன். அது அனுப்புவது +2 டிபிஎம். பெறும் பக்கம் தாங்குவது −7 வரை. 9 டெசிபெல் மிகை, அதாவது எட்டு மடங்கு. நெடுந்தூரம் வந்து களைத்த ஒளிக்காகச் செய்த கண், பக்கத்திலிருந்தே அடித்த ஒளியில் குருடாகிவிட்டது. பிறகு ஒளியைக் குறைக்கும் 15 டெசிபெல் அட்டெனுவேட்டர் போட்டும் திரும்பவில்லை. பெட்டியைப் பிரித்து அரை மணி நேரம்கூட ஆகவில்லை.

புதுக்கை:

இன்னொரு ஐயம். இழையில் ஒளி வருகிறதா என்று கைபேசிக் கேமராவைக் காட்டிப் பார்ப்பேன். ஒன்றும் தெரியாவிட்டால் கனெக்டரைக் கழற்றி அதன் முகத்தைப் பார்த்துத் துடைப்பேன். சரிதானே?

பழைய கை:

இல்லை. உடனே நிறுத்துங்கள். கேமராவின் சிலிக்கான் உணரி 850 நானோமீட்டரை ஓரளவு பார்க்கும். 1310, 1550 இரண்டும் அதற்கு முழு இருட்டு. சிலிக்கானின் பார்வை 1100 நானோமீட்டருக்கு அருகிலேயே முடிந்துவிடுகிறது. திரை கறுப்பாக இருப்பதால் இழையில் ஒளி இல்லை என்று நினைத்துக் கண்ணருகில் கொண்டுபோகிறீர்கள். உங்கள் கண்ணுக்கும் அது தெரியாது, இமையும் தானாக மூடாது. பவர் மீட்டரை மாட்டுங்கள். அலைநீளத்தைச் சரியாகத் தேர்ந்தெடுத்துவிட்டு மாட்டுங்கள். 850 இல் விட்டுவிட்டு 1550 ஐ அளந்தால் அதுவும் ஒரு பொய் எண்தான் கொடுக்கும்.

புதுக்கை:

நிறுத்திவிட்டேன் ஐயா.

மண்வெட்டி:

ஸ்லீவ் மறந்தவரே, சீட்டு ஒட்டினீர்களே, பலன் இருக்கிறதா?

ஸ்லீவ் மறந்தவன்:

சீட்டு அப்படியே இருக்கிறது, பசைகூடப் போகவில்லை. ஆனால் இழைகளை வைப்பதற்கு மூடியைத் திறக்க வேண்டும். திறந்தால் சீட்டு அந்தப் பக்கம் திரும்பிவிடுகிறது. நேற்று பதினெட்டாவது இழையில்தான் இதைக் கண்டுபிடித்தேன்.