சிற்றாறு சேருவது எந்த முக்கூடலில்?

வேணுவனம்:

எல்லோருக்கும் வணக்கம். என் மகள் ஆறாம் வகுப்பு. ஆளுக்கொரு ஆற்றைச் சார்ட் பேப்பரில் வரைந்து, எந்தத் துணையாறு எங்கே சேருகிறது என்று குறித்து வரச் சொல்லியிருக்கிறார்கள். நாங்கள் இருப்பது ஓசூரில். வகுப்பில் பாதிப் பேர் காவிரியையும் தென்பெண்ணையையும் எடுத்துக்கொள்ள, இவள் "எங்க ஆச்சி ஊரு ஆறு" என்று தாமிரபரணியைக் கேட்டு வாங்கிக்கொண்டு வந்துவிட்டாள்.

என் அம்மா பாளையங்கோட்டையில் பிறந்து வளர்ந்தவர். "சிற்றாறு முக்கூடல்ல வந்து சேரும், எங்க அப்பா கூட்டிட்டுப் போய்க் காட்டியிருக்காரு" என்றார். போனில் வரைபடத்தைத் திறந்தால் முக்கூடல் என்ற ஊர் சேரன்மகாதேவிப் பக்கம், திருநெல்வேலிக்கு மேற்கே இருக்கிறது. சிற்றாறு அதற்கு வெகு வடக்கே எங்கேயோ தனியாக ஓடுகிறது. "அப்போ எங்க அப்பா பொய்யா சொன்னாரு?" என்று அம்மா முகம் வாடிப்போய், நேற்று ராத்திரி சரியாகச் சாப்பிடவும் இல்லை.

இன்னொன்று. அணை நிலவரம் என்று பேப்பரில் எட்டுப் பெயர் வருகிறதே, பாபநாசம், சேர்வலாறு, மணிமுத்தாறு, கடனா, ராமநதி, கருப்பாநதி, குண்டாறு, அடவிநயினார். மகள் எட்டையும் ஒரே நீலக் கோட்டில் வரிசையாக வைத்திருக்கிறாள். அது தப்பு என்று தெரிகிறது, சரியானது எது என்று தெரியவில்லை. திங்கட்கிழமை கொடுக்க வேண்டும். தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

தென்காசிச் சாரல்:

சிற்றாறு எங்கள் ஊர் ஆறு, அதனால் அதை மட்டும் சொல்கிறேன். குற்றாலத்து மலையில் பிறந்து, பேரருவியாக விழுந்து, தென்காசியைத் தொட்டுக்கொண்டு கிழக்கே போகிறது. ஐந்தருவித் தண்ணீர், குண்டாறு, அரிகர நதி, அழுதகண்ணியாறு எல்லாம் இதோடு சேருபவை. மேக்கரைப் பக்கத்து அடவிநயினார் அணை அனுமன் நதியில் இருக்கிறது. அந்த நதி வீரகேரளம்புதூரில் சிற்றாற்றோடு கலக்கும். கடையநல்லூருக்கு மேலே கருப்பாநதி அணை. அந்தத் தண்ணீருக்கும் கடைசியில் போக்கிடம் சிற்றாறுதான்.

ஆக உங்கள் எட்டில் மூன்று, குண்டாறு, அடவிநயினார், கருப்பாநதி, சிற்றாற்றுக் குடும்பம். பாப்பாவிடம் சொல்லி அந்த நீலக் கோட்டிலிருந்து எடுத்துவிடுங்கள். சிற்றாறு கங்கைகொண்டான் வழியாகப் போய்ச் சீவலப்பேரியில் தாமிரபரணியில் சேருகிறது. முக்கூடல் கதை எனக்குத் தெரியாது, கீழக்கால் அக்கா வந்தால் சொல்வார்கள்.

கீழக்கால்:

தம்பி, முதலில் உங்கள் அம்மாவிடம் போய்ச் சொல்லுங்கள்: அவர்கள் அப்பா சொன்னது சரி. முக்கூடல் இரண்டு இருக்கிறது.

ஒன்று, நீங்கள் போனில் பார்த்த ஊர். அதற்குக் கொஞ்சம் மேலே திருப்புடைமருதூரில் கடனா நதி வந்து தாமிரபரணியில் சேருகிறது. ஆகவே அந்தப் பக்கமும் கூடல்தான். இன்னொன்று சீவலப்பேரி. தாமிரபரணி, சிற்றாறு, கயத்தாற்றுப் பக்கமிருந்து வரும் கோதண்டராம ஆறு என்று மூன்றும் கூடும் இடம் என்பதால் அதற்குப் பழைய பெயர் முக்கூடல். முக்கூடற்பள்ளு என்ற உழவர் பாட்டு நூல் பாடுவது இந்த முக்கூடலைத்தான், அதில் வரும் அழகர் பெருமாள் இந்த ஊர் அழகர்தான். பாளையங்கோட்டையிலிருந்து சீவலப்பேரி பக்கம். தாத்தா மகளைக் கூட்டிக்கொண்டு போனது அங்கேதான் இருக்கும்.

என் அப்பா மருதூர் அணைக்கட்டின் கீழக்கால் கால்வாய்ப் பாசனத்தில் ஒரு குளத்துக்கு நீர்க்கட்டி. மடை திறப்பது, அடைப்பது, யார் வயலுக்கு எத்தனை நாழிகை என்று பார்ப்பது, எல்லாம் அவர் பொறுப்பு. இரவு இரண்டு மணிக்கு அரிக்கேன் விளக்கோடு போவார். ஐப்பசியில் ஒரு தடவை என்னைச் சீவலப்பேரிக்குக் கூட்டிக்கொண்டு போய்க் கரையில் நிறுத்தி, "பாரு, ரெண்டு தண்ணி" என்றார். எனக்கு அப்போது பத்து வயது இருக்கும். ஒரு பக்கம் தெளிந்த பச்சை. மறு பக்கம் கரிசலைக் கரைத்துக்கொண்டு வந்த கலங்கல். இரண்டும் உடனே கலக்கவில்லை, கொஞ்ச தூரம் பக்கத்தில் பக்கத்தில் ஓடின. எத்தனையோ வருடம் பள்ளிக்கூடத்தில் பூகோளம் நடத்தினேன். துணையாறு என்ற சொல் வரும்போதெல்லாம் எனக்கு நினைவில் வந்தது அந்த இரண்டு நிறம்தான். முடிந்தால் பாப்பா சார்ட்டில் சீவலப்பேரிக்குக் கீழே கொஞ்ச தூரம் இரண்டு நிறத்தில் வரையட்டும்.

இனி வரிசை. பொதிகையில் தொடங்குங்கள். மலைக்குள்ளேயே பேயாறு, உள்ளாறு, பாம்பாறு என்று பல ஓடைகள் சேர்ந்துவிடும். பாணதீர்த்தம் அருவி விழுவது காரையாறு அணையின் தண்ணீரில். பேப்பரில் பாபநாசம் அணை, 143 அடி என்று போடுவது இந்தக் காரையாறு அணையைத்தான். கோயில் இருக்கும் பாபநாசத்தில் அதைப் புள்ளி வைத்துவிடாதீர்கள், அணை அதற்கு மேலே காட்டுக்குள் இருக்கிறது. பக்கத்துப் பள்ளத்தாக்கில் சேர்வலாறு, அதன் அணை 156 அடி. இரண்டு அணைக்கும் இடையில் சுரங்க வழி இருக்கிறது, ஒன்றின் தண்ணீர் இன்னொன்றுக்குப் போகும். சேர்வலாறு அணையின் நீர்மட்டம் ஒரே நாளில் கிடுகிடுவென்று ஏறுவதைப் பேப்பரில் பார்த்திருப்பீர்கள், அதற்கு இதுவும் ஒரு காரணம்.

அப்புறம் அகத்தியர் அருவி, பாபநாசம், விக்கிரமசிங்கபுரம். கல்லிடைக்குறிச்சிக்குச் சற்று மேற்கே தெற்கிலிருந்து மணிமுத்தாறு வந்து சேருகிறது. அணை 118 அடி, 1950களில் கட்டியது. மாஞ்சோலை மலைத் தண்ணீர் அது. பிறகு திருப்புடைமருதூரில் வடமேற்கிலிருந்து கடனா. கடையம் பக்கத்து ராமநதியும் ஜம்புநதியும் அந்தக் கடனாவோடு சேர்ந்துதான் வருகின்றன. ஆகவே ராமநதியை நேராகத் தாமிரபரணியில் கொண்டுவந்து முட்ட வைக்காதீர்கள், நிறையப் பிள்ளைகள் அப்படி வரைவார்கள். திருநெல்வேலிக்கு முன்னால் தருவைப் பக்கம் களக்காட்டு மலையிலிருந்து வரும் பச்சையாறு. பச்சையாற்றுக்கும் அணை உண்டு, ஏனோ பாப்பாவின் எட்டில் அது இல்லை. கடைசியாகச் சீவலப்பேரியில் சிற்றாறு. அதற்குக் கீழே கடல் வரைக்கும் பெரிய துணையாறு எதுவும் கிடையாது.

இதை ஏன் இவ்வளவு விரிவாகச் சொல்கிறேன் என்றால், எங்கே சேருகிறது என்பதில்தான் எங்கள் பாடே இருக்கிறது. தாமிரபரணியில் எட்டு அணைக்கட்டு: கோடைமேலழகியான், நதியுண்ணி, கன்னடியன், அரியநாயகிபுரம், பழவூர், சுத்தமல்லி, மருதூர், ஸ்ரீவைகுண்டம். இவை தண்ணீரைத் தேக்கும் அணைகள் இல்லை, ஆற்றை மறித்துக் கால்வாயில் திருப்பும் கல்கட்டுகள். ஏழு பழைய அரசர் காலத்தவை, ஸ்ரீவைகுண்டம் மட்டும் வெள்ளைக்காரன் காலத்தது. எட்டில் முதல் ஆறும் சீவலப்பேரிக்கு மேலே இருக்கின்றன. சிற்றாற்றுத் தண்ணீர் ஒரு சொட்டு அவற்றுக்குப் போகாது. மருதூருக்கும் ஸ்ரீவைகுண்டத்துக்கும்தான் அது. மேலே உள்ள கால்வாய்க்காரர்கள் எல்லோரும் எடுத்துக்கொண்டு மிச்சம் விட்ட தண்ணீரோடு சிற்றாறு கொண்டுவருவதும் சேர்ந்தால்தான் எங்கள் குளம் நிறையும்.

இன்னொரு விஷயம். ஊரில் வெள்ளம் என்றால் எல்லோரும் குறுக்குத்துறையைத்தான் கேட்பார்கள், முருகன் கோயில் மூழ்கிவிட்டதா என்று. டவுன்காரர்களுக்கு அது போதும். ஆனால் குறுக்குத்துறை சீவலப்பேரிக்கு மேலே இருக்கிறது. அங்கே தண்ணீர் இறங்கிக்கொண்டிருக்கும்போதே சிற்றாறு பெருகி வந்து கீழே எங்களை முழுக அடிக்கலாம். அப்பா குறுக்குத்துறையைக் கேட்டதோடு நிறுத்த மாட்டார். "கங்கைகொண்டான் பாலத்துல எவ்வளவு போகுது?" என்று அந்தப் பக்கமிருந்து வரும் பஸ்காரர்களிடம் கேட்பார்.

மழை கூட இரண்டு. ஆனி, ஆடியில் மேற்கே சாரல் பிடித்தால் மலையிலிருந்து தண்ணீர் வரும், அது கார் சாகுபடிக்கு. ஐப்பசி, கார்த்திகையில் கிழக்கே கடல் பக்கமிருந்து வரும் மழை பிசானச் சாகுபடிக்கு. முக்கூடற்பள்ளில் மலையாளப் பக்கத்து மின்னலையும் ஈழத்துப் பக்கத்து மின்னலையும் சேர்த்துச் சொல்லியிருப்பதைக் கல்லூரியில் படித்தபோது எனக்கு மெய்சிலிர்த்துவிட்டது. அப்பாவுக்குப் பள்ளு என்றால் என்னவென்றே தெரியாது. ஆனால் ராத்திரி வாசலில் கட்டிலைப் போட்டுப் படுத்துக்கொண்டு முதலில் மேற்கே பார்ப்பார், பிறகு கிழக்கே பார்ப்பார், அப்புறம்தான் கண்ணை மூடுவார்.

வேணுவனம்:

அக்கா, இதை அப்படியே அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். "ரெண்டு தண்ணி" என்ற இடத்தில் நிறுத்தச் சொல்லி, இன்னொரு தடவை வாசிக்கச் சொன்னார். கண் கலங்கிவிட்டது. தாத்தா சைக்கிளில் முன்னால் உட்காரவைத்துக் கூட்டிக்கொண்டு போனதாகவும், அங்கே மணலில் ஊற்றுத் தோண்டி அந்தத் தண்ணீரைக் குடித்ததாகவும் இப்போதுதான் சொல்கிறார். இத்தனை வருடத்தில் எனக்கு இது தெரியாது.

சார்ட் முழுக்க அழித்து மறுபடி போட்டாயிற்று. இன்னும் ஒரு சந்தேகம், கடல். அம்மா கொற்கை என்கிறார், வரைபடம் புன்னக்காயல் என்கிறது. இதிலும் இரண்டு பதிலும் சரிதானா?

ஆத்தூர் வெற்றிலை:

நான் சொல்கிறேன் அண்ணாச்சி, ஆறு எங்கள் ஊர் வாசலைத் தாண்டித்தான் கடலுக்குப் போகிறது.

இப்போது வரைய வேண்டியது புன்னக்காயல்தான். ஸ்ரீவைகுண்டம், ஆழ்வார்திருநகரி, ஏரல், ஆத்தூர் என்று வந்து, கழிமுகத்தில் கிளை பிரிந்து மன்னார் வளைகுடாவில் சேருகிறது. ஆனால் உங்கள் அம்மா சொல்வதும் ஆதாரம் இல்லாத பேச்சு இல்லை. பாண்டியர்களின் முத்துத் துறைமுகமான கொற்கை ஒரு காலத்தில் ஆற்று முகத்தில் இருந்தது. இன்றைக்குப் போய் நின்றால் சுற்றிலும் வயல், வாழை, குளம், ஒரு பழைய வன்னி மரம். கடலைக் காணோம். ஐந்து கிலோமீட்டருக்கும் மேலே தள்ளிப் போய்விட்டது. ஆறு கொண்டுவந்த வண்டல்தான் காரணம். அது முகத்தை அடைக்க அடைக்க, துறைமுகம் கடலைத் தேடிக் கீழே இறங்கியது. கொற்கைக்குப் பிறகு காயல். மார்க்கோ போலோ 13ஆம் நூற்றாண்டில் எழுதிய காயில் என்ற துறை அதுதான், இப்போது பழையகாயல். அதுவும் தூர்ந்துபோய்ப் புன்னக்காயல் எழுந்தது, போர்த்துக்கீசியர் வந்து இறங்கிய காலத்தில் பெரிய ஊர். மூன்று ஊரையும் சார்ட்டில் மூன்று புள்ளியாகக் கடலை நோக்கி வைத்தால், ஆறு கடலைப் பின்னுக்குத் தள்ளிக்கொண்டே போன கதை தெரியும். அதைப் பாப்பா எடுத்துச் சொன்னால் டீச்சருக்கு நிச்சயம் பிடிக்கும்.

ஸ்ரீவைகுண்டத்தில் வடகால், தென்கால் என்ற இரண்டு கால்வாய்களையும் விட்டுவிடாதீர்கள். எட்டு அணைக்கட்டிலும் கடைசி அது. தென்கால் தண்ணீர் கடம்பாகுளத்துக்கு வந்து, அங்கிருந்து மற்றக் குளங்களுக்குப் போகிறது. எங்கள் வெற்றிலைக் கொடிக்கால் நிற்பது இந்த ஆற்றுத் தண்ணீரில்தான்.

கீழக்கால் அக்கா சொன்ன வெள்ளக் கணக்கோடு ஒன்று சேர்க்கிறேன். 2023 டிசம்பர் 17, 18 மழையில் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 90 செ.மீ.க்கு மேல் பெய்தது. மேலேயிருந்து வந்தது ஒரு பக்கம், எங்கள் தலையிலேயே கொட்டியது இன்னொரு பக்கம். திருச்செந்தூரிலிருந்து கிளம்பிய ரயில் ஸ்ரீவைகுண்டத்தில் நின்று, நூற்றுக்கணக்கான பேர் அங்கேயே மாட்டிக்கொண்டார்கள். எங்கள் வீட்டில் நெஞ்சளவு தண்ணீர். கொடிக்கால் மொத்தமும் போய்விட்டது, மறுபடி கொடி நடத்தான் வேண்டியிருந்தது. ஆற்றின் மேல் எங்களுக்குக் கோபம் இல்லை. மேலே எந்த ஆற்றில் எவ்வளவு வருகிறது என்று ஒருவர் கடைசி ஊர் வரைக்கும் நேரத்தோடு சொல்லியிருந்தால், மாடுகளையாவது அவிழ்த்து விட்டிருப்போம். என்னிடம் இருந்தவை நான்கு. ஒன்றுதான் மிஞ்சியது.

கீழக்கால்:

ஆத்தூர்த் தம்பி, மாடு போனதை இப்போதுதான் சொல்கிறீர்கள். மனசு கேட்கவில்லை. அந்த இரண்டு நாளும் நாங்கள் மொட்டை மாடியில் இருந்தோம், போன் வேலை செய்யவில்லை, கங்கைகொண்டானில் எவ்வளவு போகிறது என்று கேட்க அப்பாவும் இல்லை.

வேணுவனம், ஒரு சின்னத் திருத்தம், நான் விட்டுவிட்டேன். கன்னடியன் கால்வாயிலிருந்து தெற்கே சாத்தான்குளம், திசையன்விளைப் பக்கத்து வறண்ட பூமிக்கு வெள்ளநீரைக் கொண்டுபோகப் புதிதாக ஒரு கால்வாய் வெட்டியிருக்கிறார்கள். தாமிரபரணியைக் கருமேனியாறு, நம்பியாறு இரண்டோடும் இணைப்பது அது. துணையாறு இல்லை, மனிதர் வெட்டியது. ஆகவே நீல நிறத்தில் போடாமல் புள்ளிக் கோடாகப் போடச் சொல்லுங்கள்.

வேணுவனம்:

போட்டாயிற்று அக்கா. மூன்று புள்ளியும் வைத்தாயிற்று, புள்ளிக் கோடும் போட்டாயிற்று. சீவலப்பேரிக்குக் கீழே ஒரு விரல் நீளத்துக்கு ஒரு பக்கம் பச்சையும் மறு பக்கம் மண் நிறமும் அடித்திருக்கிறாள். அந்த இடத்தில் முக்கூடல் என்று அம்மாவே தன் கையால் எழுதினார். எழுத்து கொஞ்சம் நடுங்கியிருக்கிறது, அழித்து எழுதவா என்று மகள் கேட்டதற்கு வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். தை பிறந்ததும் அம்மாவைக் கூட்டிக்கொண்டு சீவலப்பேரி வருகிறோம்.